துண்டுக்குள் ஓடிய ஜீப்

அன்று வேலந்தாவளம் சந்தையிலிருந்து எங்கள் செவலை மாடு கழுத்தில் இரண்டு கயிறோடு வீடு வந்து சேர்ந்தது. ஒன்று நான் காலையில் கட்டி அனுப்பிய பழைய கயிறு. மற்றது பளபளவென்று நீல நிறத்தில் ஒரு புது நைலான் கயிறு. எங்கள் பக்கம் மாடு கைமாறும்போது விற்றவர் தன் கயிற்றை அவிழ்த்து எடுத்துக்கொள்வார், வாங்கியவர் தன் கயிற்றைக் கட்டுவார். புதுக்கயிறு ஏறிவிட்டது என்றால் மாடு போய்விட்டது என்று பொருள். ஆனால் செவலையை விற்க நாங்கள் நினைத்ததே இல்லை. விற்கப் போனது அதன் காளைக்கன்று. தாய் ஏறாத வண்டியில் நானும் ஏற மாட்டேன் என்று கன்று அடம்பிடித்ததால் தாயும் துணைக்குப் போயிருந்தது, அவ்வளவுதான்.

"ஏனுங்க, இது யாரு கயிறு?" என்று கேட்டேன்.

என் வீட்டுக்காரர் நேராகத் தண்ணீர்த் தொட்டிக்குப் போய்க் கால் கழுவினார். நான் சொல்லாமலே அவர் கால் கழுவினார் என்றால் ஏதோ பெரிதாக நடந்திருக்கிறது என்று அர்த்தம். கழுவிவிட்டு, முகத்தைத் துடைத்துக்கொண்டே, "கோவிச்சுக்காத. கடைசி மலை ஏறீட்டேன்" என்றார்.

மாட்டைப் பற்றிக் கேட்டால் மலையைப் பற்றிச் சொல்கிற மனிதரை என்ன செய்வது? அந்த மலை எது என்று முதலில் சொல்லிவிடுகிறேன்.

அவரிடம் இருப்பது பட்டன் போன். டச் போன் ஒன்றும் வாங்கிப் பார்த்தோம். மண்வெட்டி பிடித்துக் காய்த்துப்போன விரலுக்கு அது மசியவில்லை. அவர் ஒன்றைத் தொட்டால் அது வேறொன்றைத் திறந்தது. இரண்டு பேருக்கும் ஒத்துவராமல் அதை என்னிடம் தள்ளிவிட்டு, பழைய பட்டன் போனுக்கே திரும்பிவிட்டார். அதில் ஒரு ஜீப் விளையாட்டு உண்டு. போட்டுக் கொடுத்ததே நான்தான். கல்யாணத்துக்கு முன்னால், தமிழும் மலையாளமும் கலந்து பேசுகிற கொழிஞ்சாம்பாறையில் ஒரு செல்போன் கடையில் வேலை பார்த்தேன். மெமரி கார்டில் பாட்டும் விளையாட்டும் ஏற்றிக் கொடுப்பதுதான் என் வேலை. அந்தப் பழக்கத்தில் புருஷனுக்கும் ஒன்று ஏற்றிக் கொடுத்தேன். வேலியில் போன ஓணானை எடுத்து மடியில் விட்டுக்கொண்ட கதைதான்.

தீப்பெட்டி அகலத் திரையில் ஒரு குட்டி ஜீப். பின்னால் சரக்குப் பெட்டிகள். எதிரே மலைப் பாதை. இரண்டாம் எண் பொத்தானை அமுக்கிப் பிடித்தால் ஜீப் ஏறும். விட்டால் பின்னால் உருளும், பெட்டிகள் சிதறும், பள்ளத்தில் விழுந்து ஒரு அழுமூஞ்சி இசை கேட்கும். கடைசி மலை இருக்கிறதே, அது கொடுமை. அடிவாரத்தில் அமுக்கிய பொத்தானை உச்சி வரைக்கும் இமைப்பொழுது விடக் கூடாது. அவருக்கு எப்போதும் பாதி மலையில் தும்மல் வரும், அல்லது யாராவது கூப்பிடுவார்கள், அல்லது நான் கூப்பிடுவேன். மதியச் சோற்றுக்குப் பிறகு கயிற்றுக் கட்டிலில் சாய்ந்துகொண்டு, ஏர் மாட்டை ஓட்டுவது போல "ஹை, ஹை, போ சாமி" என்று அந்த ஜீப்பை அதட்டிக்கொண்டிருப்பார். ஐந்து நிமிஷத்தில் குறட்டை வரும்.

அவர் தூங்கிய பிறகு போனை நான் எடுப்பேன். சாதனைப் பட்டியலில் மேலே இருக்கிற எண்கள் எல்லாம் என்னுடையவை. அவர் அதையெல்லாம் தன்னுடையதென்றே நம்பிக்கொண்டிருந்தார். பெயர் கேட்காத விளையாட்டு அது. வீட்டில் நிம்மதி வேண்டுமென்றால் எல்லா வெற்றியையும் வாய்விட்டுச் சொல்லக் கூடாது.

இனி சந்தைக்கு வருகிறேன். அவர் சொன்னதையும், பிறகு தரகர்கள் சிரித்துச் சிரித்துச் சொன்னதையும் சேர்த்துச் சொல்கிறேன்.

எங்கள் மாட்டுச் சந்தையில் விலையை வாயால் பேச மாட்டார்கள். விற்பவர் கையின் மேல் துண்டு கிடக்கும். வாங்குபவர் துண்டுக்குள் கைவிட்டு விரலைப் பிடிப்பார். எந்த விரல், எத்தனை விரல் என்பதுதான் விலை. பிடிக்கவில்லை என்றால் கையை உதறிவிடலாம். விரல்களை மடக்கிக் கொடுத்தால் வியாபாரமே வேண்டாம் என்று பொருள். கை அசையாமல் நின்றால் சம்மதம். பக்கத்தில் நிற்பவனுக்குக்கூட விலை தெரியாது. ஆனால் கை நின்றதா உதறியதா என்பதை முழுச் சந்தையும் பார்த்துக்கொண்டிருக்கும்.

அன்று நல்ல வெயில். கன்றைக் கேட்டு ஒருவரும் வரவில்லை. இவருக்குப் போர் அடித்திருக்கிறது. போனை எடுத்திருக்கிறார். வெயிலில் திரை தெரியவில்லை. உடனே தோளில் கிடந்த துண்டை எடுத்துக் கைமேல் போட்டு, அதற்குள் குனிந்து ஜீப் ஓட்ட ஆரம்பித்துவிட்டார். மாட்டுச் சந்தையில், மாட்டுக்குப் பக்கத்தில், கைமேல் துண்டைப் போட்டுக்கொண்டு உட்கார்ந்தால் அதற்கு என்ன பொருள் என்று அந்த ஊரில் பிறந்த குழந்தைக்கும் தெரியும். இவருக்கும் தெரியும். ஜீப் ஏறும்போது மட்டும் தெரியாது.

அந்த நேரம் ஒரு பெரியவர் வந்தார். செவலையை முன்னும் பின்னும் பார்த்தார். மடியைப் பார்த்தார், பல்லைப் பார்த்தார். பிறகு துண்டுக்குள் கையை விட்டு இவருடைய வலது கையைப் பிடித்தார். இவருடைய இடது கையில் போன், கட்டைவிரல் பொத்தானில். ஜீப் கடைசி மலையில் பாதியில் நிற்கிறது. கையை உதறினால் உடம்பு ஆடும், உடம்பு ஆடினால் விரல் வழுக்கும், விரல் வழுக்கினால் ஜீப் பள்ளத்தில். யாரோ தெரிந்த தரகர் வம்புக்கு விரலைப் பிடிக்கிறார் என்று இவர் நினைத்தாராம். அசையாமல் இருந்தார். ஜீப் உச்சியைத் தொட்டது. பிறந்ததிலிருந்து அப்படிச் சிரித்ததில்லை என்பது போல ஒரு சிரிப்புச் சிரித்துவிட்டு நிமிர்ந்து பார்த்தால், செவலையின் கழுத்தில் நீலக்கயிறு ஏறிக்கொண்டிருக்கிறது.

"ஐயோ, மாடு விக்கறதுக்கில்லீங்க!" என்று எழுந்து ஓடியிருக்கிறார்.

"என்ன அண்ணாச்சி இப்படிச் சொல்லுதீக? கைய எடுக்கலியே நீங்க" என்றார் பெரியவர். தெற்கத்திப் பேச்சு. எங்கள் பக்கம் அப்படிப் பேசுகிறவர்கள் மலை எஸ்டேட்காரர்கள்தான்.

தரகர்கள் கூடிவிட்டார்கள். "துண்டுக்குள்ள கை நின்னா நின்னதுதானுங்க. உங்க ஒருத்தருக்காக வழக்கத்த மாத்த முடியுமுங்களா?" என்று தீர்ப்பும் சொல்லிவிட்டார்கள். வேறு வழி இல்லாமல் இவர் துண்டை விலக்கிப் போனைக் காட்டினார். சுற்றி நின்றவர்கள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்கள். பெரியவர் மட்டும் சிரிக்கவில்லை. போனை வாங்கிக் கண்ணுக்கு அருகில் வைத்துப் பார்த்தார்.

"ஏ, இது நம்ம ஜீப்புல்லா!"

அவர் மூணாற்றில் எஸ்டேட் ஜீப் ஓட்டியவர். ஓய்வு பெற்று, எங்கள் பக்கத்தில் கட்டிக்கொடுத்த மகள் வீட்டுக்கு வந்திருக்கிறார். ஃபேக்டரி வாசலில் லோடு ஏறும் வரைக்கும் டிரைவர்களுக்கெல்லாம் இந்த விளையாட்டுத்தான் கதியாம். நிஜ ஜீப்பிலிருந்து இறங்கி உட்கார்ந்து பொம்மை ஜீப் ஓட்டியிருக்கிறார்கள். ஒருநாள் போன் ஓடையில் விழுந்தது. அதோடு விளையாட்டும் போயிற்று. மலையிலிருந்து இறங்கியதிலிருந்து கைக்கு வேலை இல்லை, அதனால்தான் மாடு பார்க்க வந்தேன் என்றாராம்.

கடைசியில் அவரே ஒரு வழி சொன்னார். "மாடு வேற கிடைக்கும். இது கிடைக்காது. அடுத்த சந்தைக்குள்ள எனக்கு இந்த ஜீப் ஓடணும். ஓடிச்சுன்னா என் கயித்த அவுத்துக்கிடுதேன். ஓடலைன்னா மாடு எனக்கு."

அதுவரைக்கும் நீலக்கயிறு மாட்டின் கழுத்திலேயே இருக்கும் என்று பேச்சு. அவர் தன் போனிலிருந்து சிம்மைக் கழற்றிச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டு, போனை இவரிடம் கொடுத்துவிட்டார்.

"அதனால என்ன, நீதான் கடையில இருந்தவளாச்சே. போட்டுக் குடுத்தறமாட்டயா?" என்றார் என் வீட்டுக்காரர், ஏதோ தேங்காய் உடைத்துத் தரச் சொல்வது போல.

எனக்கு வந்த கோபத்தில் அன்று ரசத்துக்கு உப்புப் போடவில்லை. செவலை பிறந்த அன்று வீட்டில் நான் மட்டும்தான் இருந்தேன். கால் மடங்கி வராமல் கிடந்த கன்றை இந்தக் கையால்தான் இழுத்து வெளியே போட்டேன். வேறு யார் உட்கார்ந்தாலும் அதற்குப் பால் சுரக்காது. என் கொலுசுச் சத்தம் கேட்டால்தான் தலையைத் தூக்கும். அதை ஒரு பொத்தானுக்குப் பந்தயம் வைத்துவிட்டு வந்திருக்கிறார். மறுநாள் காலை பால் கறக்கும்போது நீலக்கயிறு என் கன்னத்தில் உரசியது. அழுகைதான் வந்தது. அழுதால் பாத்திரத்தில் விழும் என்று அடக்கிக்கொண்டேன்.

வேலையை ஆரம்பித்தேன். இவருடைய போனிலிருந்து மெமரி கார்டைக் கழற்றிப் பெரியவரின் போனில் போட்டேன். விளையாட்டு இருந்தது, வெறும் வெள்ளைத் தாள் படமாக. அமுக்கினால் இந்தக் கோப்பைத் திறக்க முடியாது என்றது. பார்ப்பதற்கு அந்தக் காலத்துப் போன் மாதிரியே இருக்கிறது. பொத்தான், டார்ச் லைட், எல்லாம் அச்சு அசல். ஆனால் பழைய விளையாட்டை ஓட்டுகிற சாமான் உள்ளே இல்லை. முகம் பழசு, வயிறு புதுசு.

பஸ் ஏறிக் கொழிஞ்சாம்பாறையில் ஒரு கடைக்குப் போனேன். கடைக்காரர் போனைத் திருப்பிப் பார்த்துவிட்டு, "நடக்கில்லா சேச்சி. பழைய செட்டுலதான் இது ஓடும். பழசெல்லாம் நாங்க ஆக்ரிக்கடையில எடைக்குப் போட்டாச்சு" என்றார். திரும்பி வரும் வழியெல்லாம், இனிமேல் யாருக்கும் எந்த விளையாட்டும் ஏற்றிக் கொடுப்பதில்லை என்று சபதம் எடுத்தேன்.

உங்கள் போனையே அவருக்குக் கொடுத்துவிடலாமே என்று இவரிடம் சொல்லிப் பார்த்தேன். "அதுக்கு மாட்டையே..." என்று ஆரம்பித்தவர் என் முகத்தைப் பார்த்ததும் மிச்சத்தை முழுங்கிவிட்டார்.

சந்தை நெருங்கிக்கொண்டே வந்தது. ஒரு சாயங்காலம் நான் வாசலில் தலையில் கைவைத்து உட்கார்ந்திருந்தேன். இவர் கட்டிலில் படுத்தபடியே தென்னைக்குத் தண்ணீர் விட மோட்டாரைப் போட்டார். எங்கள் வீட்டில் மோட்டார் போடுவது என்றால் மிஸ்டு கால் கொடுப்பது. கிணற்றடியில் மோட்டார் ரூமுக்குள் ஸ்டார்ட்டரோடு ஒயர் கோத்து ஒரு போன் மாட்டியிருக்கிறது. அதற்கு மணி அடித்தால் மோட்டார் ஓடும்.

அது என் பழைய பட்டன் போன். கடையில் வேலை பார்த்த காலத்தில் நான் வைத்திருந்தது. கையில் வெண்ணெயை வைத்துக்கொண்டு நெய்க்குக் கொழிஞ்சாம்பாறை வரைக்கும் அலைந்திருக்கிறேன்!

"அதக் கழட்டீட்டா மோட்டாரை யாரு போடறது?" என்று எழுந்து உட்கார்ந்தார்.

"மலையே ஏறுனவருக்குக் கெணத்தடி வரைக்கும் நடக்க முடியாதுங்களா?" என்றேன்.

போனைக் கழற்றி வந்து பார்த்தால் மூடிக்குள் பல்லி முட்டை, பொத்தான் இடுக்கெல்லாம் மண். ஊக்கால் நோண்டித் துணியால் துடைத்து, முக்கியமாக இரண்டாம் எண் பொத்தானைப் பூப்போல அமுங்கும் வரைக்கும் சுத்தம் செய்தேன். மெமரி கார்டைப் போட்டு, விளையாட்டைப் போனுக்குள்ளேயே ஏற்றிவிட்டு, கார்டை இவர் போனிலேயே திரும்பப் போட்டேன். விளையாட்டை அமுக்கினேன். இந்தச் செயலியின் சான்றிதழ் காலாவதி ஆகிவிட்டது என்று ஒரு வரி வந்து நின்றது. இவர் என் தோளுக்குப் பின்னால் நின்று, "போச்சு" என்றார்.

எனக்குச் சிரிப்பு வந்தது. இந்த வரியைக் கடையில் நான் பார்க்காத நாளே இல்லை. செட்டிங்ஸுக்குள் போய், முன்பு இவர் போனில் செய்தது போலவே, போனின் வருஷத்தைப் பின்னால் தள்ளி வைத்தேன். தன் சான்றிதழ் செல்லுபடியான காலத்தில்தான் இன்னும் இருக்கிறோம் என்று விளையாட்டு நம்பிவிட்டது. டிட்டிட்டீ என்று இசை வந்தது. ஜீப் வந்தது. மலை வந்தது. நான் கட்டுத்தறிக்கு ஓடிப் போய்ச் செவலையின் நெற்றியைக் கட்டிக்கொண்டேன். அது என்னை ஒரு மாதிரிப் பார்த்துவிட்டு மறுபடியும் வைக்கோலில் வாயை வைத்தது.

சந்தைக்கு நானும் கிளம்பினேன். இவரை நம்பி மாட்டை மறுபடி அனுப்ப நான் என்ன பைத்தியமா? மாட்டுப் பக்கம் பெண்கள் அதிகம் வருவதில்லை. தரகர்கள் வழிவிட்டு நின்றார்கள். நடந்த கதை எல்லோருக்கும் தெரிந்திருந்ததால் வேடிக்கை பார்க்கவும் நின்றார்கள்.

பெரியவர் வந்து சேர்ந்தார். இரண்டு போனையும் அவர் கையில் கொடுத்து, அவருடையதில் ஏன் ஓடவில்லை, என்னுடையதில் எப்படி ஓடியது என்று விவரம் சொன்னேன். சிம்மை இதிலேயே போட்டுக்கொள்ளலாம், தேதியை மட்டும் மாற்றிவிடாதீர்கள் என்றேன். திரையில் தெரிந்த வருஷத்தைப் பார்த்து அவர் முகம் மலர்ந்துபோயிற்று.

"இதுல பாத்தா நான் இன்னும் சர்வீஸ்லல்லா இருக்கேன் தாயி!"

ஒரு கல்லின் மேல் உட்கார்ந்தார். வெயிலுக்கு என் வீட்டுக்காரரே தன் துண்டைக் கொடுத்தார். பெரியவர் அதைக் கைமேல் போட்டுக்கொண்டு குனிந்தார். போன் இடது கையில். கியர் போடுகிற கை அதுதானாம். வலது கை அதே துண்டுக்கடியில் முழங்கால் மேல் சும்மா கிடந்தது. ஒவ்வொரு மலையாக ஏறினார். வளைவு வந்தால் உடம்பையும் சேர்த்துச் சாய்த்தார்.

"அப்பறம், கயிற அவுத்தர்லாமுங்களா?" என்று கேட்டேன்.

அவர் தலையைச் சொறிந்தார். "அதில்ல தாயி. எம்மக இந்த வாரம் கொட்டாயே போட்டுட்டா. தீவனமும் வாங்கிட்டாக. பேரப்பிள்ளைக செவல மாடு வருதுன்னு ஊரெல்லாம் சொல்லிட்டுத் திரியுதுக. என்ன செய்யன்னு தெரியல."

நல்ல மனிதர். ஏமாற்ற நினைக்கவில்லை, நிஜமாகவே குழம்பிப்போய்த்தான் இருந்தார். ஆனால் நல்ல மனிதர் குழம்பினாலும் போகப் போவது என் மாடுதானே. "வேற மாடு கெடைக்கும்னு நீங்கதானுங்களே சொன்னீங்க" என்றேன். "சொன்னேன், சொன்னேன். இருங்க தாயி, கடைசி மலை வந்துட்டு" என்று துண்டுக்குள் இன்னும் ஆழமாகக் குனிந்துகொண்டார்.

கடைசி மலை. அடிவாரத்தில் சின்னதாக ஒரு பாலம் உண்டு. பாலம் தாண்டும்போது ஒரு டிங் சத்தம் கேட்கும். அதற்கப்புறம் உச்சி வரைக்கும் விரலை எடுக்க முடியாது. நான் அந்த டிங்குக்காகக் காத்திருந்தேன். கேட்டதும் அவர் பக்கத்தில் குத்துக்காலிட்டு உட்கார்ந்து துண்டுக்குள் கையை விட்டேன்.

சுற்றி நின்றவர்கள் கழுத்தை நீட்டி எட்டிப் பார்த்தார்கள். அந்தச் சந்தையில் துண்டுக்குள் வளையல் போட்ட கை போனதை யாரும் பார்த்ததில்லை. பெரியவரின் வலது கையைப் பிடித்தேன். விரல்களை ஒவ்வொன்றாக மடக்கி மூடினேன். மூடிய கையை அப்படியே பிடித்துக்கொண்டேன். வியாபாரம் வேண்டாம். அவருடைய கை ஒருதரம் துடித்தது. உதற நினைத்தது எனக்கே தெரிந்தது. ஆனால் ஜீப் பாதி மலையில் இருந்தது. மலையில் ஜீப் ஓட்டிய மனிதர், லோடோடு பின்னால் உருள விடுவாரா? கை நின்றது. செவலை எங்கள் இருவரின் தலைக்கு மேலே நின்று அசைபோட்டுக்கொண்டிருந்தது.

ஜீப் உச்சியைத் தொட்ட இசை வந்தது. அவர் நிமிர்ந்தார்.

"கைய எடுக்கலீங்களே நீங்க" என்றேன்.

முதலில் சிரித்தது ஒரு கிழத் தரகர். "துண்டுக்குள்ள கை நின்னா நின்னதுதானுங்க" என்று போன வாரத்துத் தீர்ப்பையே அவர் எடுத்து வைக்க, சந்தையே சிரித்தது. பெரியவரும் சிரித்தார். கண்ணில் தண்ணீர் வரச் சிரித்துவிட்டு எழுந்து போய்ச் செவலையின் கழுத்திலிருந்து நீலக்கயிற்றை அவிழ்த்தார். அதைச் சுருட்டித் தோளில் மாட்டிக்கொண்டு, "எஸ்டேட்ல எங்களுக்கு இப்படி ஒரு சூப்பர்வைசரம்மா இருந்திருந்தா ஒரு டிரைவரும் தப்பிச்சிருக்க மாட்டான்" என்றார். தரகர்கள் அவரை வெறுங்கையோடு விடவில்லை. அன்று மத்தியானத்துக்குள்ளேயே நெற்றியில் வெள்ளைப் பொட்டு வைத்த ஒரு கறவை மாட்டின் கழுத்தில் அந்த நீலக்கயிறு ஏறியது. அந்த வியாபாரத்தின்போது பெரியவரின் ஜீப் போன், என் வீட்டுக்காரர் போன் இரண்டையும் என் மடியில் வைத்துக்கொண்டேன்.

கன்று அன்றும் விற்கவில்லை. தாயும் கன்றும் வண்டியில் ஏறின. நாங்கள் முன்னால் உட்கார்ந்தோம். எங்கள் தோட்டத்து வேலி கண்ணுக்குத் தெரிந்தபோது என் வீட்டுக்காரர் மெதுவாகக் கேட்டார்.

"ஏன் புள்ள, பாலம் தாண்டுனா கைய எடுக்க முடியாதுன்னு உனக்கு எப்படித் தெரியும்?"

நான் வெளியே பார்த்துக்கொண்டு வந்தேன். அவர் போனை எடுத்தார். சாதனைப் பட்டியலைத் திறந்தார். மேலிருந்து கீழே ஒவ்வொரு எண்ணாகப் பார்த்தார். பிறகு என்னைப் பார்த்தார். மறுபடி பட்டியலைப் பார்த்தார்.

வண்டி வாசலில் நின்றது. நான் இறங்கி, நேராகத் தண்ணீர்த் தொட்டிக்குப் போய்க் கால் கழுவ ஆரம்பித்தேன்.